பாதாள ராஜாவின் காது

"பொண்ணைத் தூக்கிட்டுப் போனது பாதாள ராஜா. அதுக்கு வயல் என்னம்மா தப்பு பண்ணிச்சு?"

இப்படிக் கேட்டபோது கடுகுக்கு ஐந்து வயது. உருவம் சிறிசு, காரம் பெரிசு என்பதால் வீட்டில் அவளுக்கு அந்தப் பெயர். அவள் அம்மா அப்போது ஒரு சிறுவர் புத்தகத்துக்காகக் கிரேக்கக் கதைகளுக்குப் படம் வரைந்துகொண்டிருந்தாள். விளைச்சலுக்கெல்லாம் தாயான டிமீட்டரின் கதை அது. மகளைப் பாதாளத்துக்குக் கொண்டுபோய்விட்டான் என்று தெரிந்ததும் அந்தத் தாய் ஆத்திரத்தில் உலகத்துப் பயிரையெல்லாம் காயவிட்டாள். வயல் வெடித்தது, மாடு செத்தது, சம்பந்தமே இல்லாத ஜனம் பட்டினி கிடந்தது.

அம்மா வாயில் கடித்திருந்த தூரிகையை எடுக்காமலேயே, "கதைன்னா அப்படித்தான். போய்ப் பல்லைத் தேய்" என்றாள்.

குழந்தைகள் கேட்பதற்கெல்லாம் பதில் சொல்லிக்கொண்டிருந்தால் ஒரு படமும் முடியாது, வாஸ்தவம்தான். ஆனால் சொல்லாமல் விட்ட பதில் எங்கும் போய்விடுவதில்லை. ஒரு மூலையில் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, தன் முறை எப்போது வரும் என்று பார்த்துக்கொண்டிருக்கும்.

அந்தக் கடுகு வளர்ந்து, வீட்டில் ஒரு வார்த்தை சொல்லாமல் கல்யாணம் செய்துகொண்டு போய் ஒன்றரை வருஷம் ஆகிறது. அவள் அம்மா அச்சகத்தின் மாடிப்படியில் இப்போது ஏறிக்கொண்டிருந்தாள். ஏறினாள் என்பதைவிடப் படிகளை மிதித்துக்கொண்டிருந்தாள் என்பதுதான் சரி. குடும்பத்தில் அவளுக்குப் பெரியவள் என்று பேர். அவள் தங்கை சின்னவள். அம்பது வயதாகியும் அந்தப் பேர்கள் மாறவில்லை; சண்டை போடும் முறையும் மாறவில்லை.

அக்காளும் தங்கையும் சேர்ந்து செய்த வேலை ஒன்று இன்று அச்சுக்குப் போகவேண்டும். கிரேக்கப் புராணத்தை வைத்து, குறி பார்க்கிற டாரட் சீட்டுக்கட்டு ஒன்று. படமெல்லாம் பெரியவளுடையது. ஒவ்வொரு சீட்டுக்கும் என்ன பொருள், தலைகீழாக வந்தால் என்ன பொருள் என்று விளக்கும் சிறு புத்தகம் சின்னவளுடையது. எந்தச் சீட்டுக்கு எந்தக் கதை என்று பட்டியல் போட்டதும் அவள்தான். இறகு கட்டிக்கொண்டு சூரியனை நோக்கிப் பறந்த இக்காரஸ், பின்விளைவு தெரியாத 'முட்டாள்' சீட்டுக்கு. திரும்பிப் பார்த்து மனைவியை இழந்த ஆர்ஃபியஸ், 'தீர்ப்பு' சீட்டுக்கு. நூல் நூற்று அறுக்கும் மூன்று கிழவிகள், 'சக்கரம்' சீட்டுக்கு. பேரரசி சீட்டில் டிமீட்டர். வானத்தைத் தோளில் தாங்கும் அட்லஸ், சுமையைச் சொல்லும் 'கோல்கள் பத்து' சீட்டில்.

எல்லாப் படமும் பெரியவளுக்கு வசப்பட்டது. அட்லஸ் மட்டும் வரவில்லை. உடம்பு வந்தது, முகம் வரவில்லை. யாருக்காகவோ அவ்வளவு கனத்தைத் தாங்குகிறவனின் முகம் எப்படி இருக்கும் என்று அவளுக்குப் பிடிபடவில்லை. தலையைக் குனியவைத்து, முடியைச் சரியவிட்டு மூடிவிட்டாள்.

பதிப்பாளரின் அறையில் அவருக்கு எதிரே சின்னவள் ஏற்கெனவே உட்கார்ந்திருந்தாள். பதிப்பாளர் நல்ல மனிதர், பயந்த சுபாவம். பயம் வந்தால் கண்ணாடியைக் கழற்றித் துடைப்பார். பெரியவள் உள்ளே நுழைந்ததும் துடைக்க ஆரம்பித்தார்.

"உக்காருங்கம்மா."

"உக்காரவா வந்தேன்? என்ன பிரச்சனைன்னு போன்ல சொன்னீங்க?"

"ஒண்ணுமில்லை, சின்ன விஷயம். சாத்தான் சீட்டு இருக்கில்ல... அதுக்குப் புத்தகத்துல 'பான்'னு எழுதியிருக்கு. ஆட்டுக்காலும் கொம்புமா குழல் ஊதற காட்டுத் தேவன். உங்க படத்துல பார்த்தா ஹேடீஸ் இருக்கார். பாதாள ராஜா. வாங்கறவங்க குழம்பிடுவாங்க. யாராவது ஒருத்தர் மாத்திட்டீங்கன்னா..."

"அவளை மாத்தி எழுதச் சொல்லுங்க."

"சார், அவங்களை மாத்தி வரையச் சொல்லுங்க" என்றாள் சின்னவள், சுவரைப் பார்த்தபடி.

ஒன்றரை வருஷமாக அவர்கள் பேச்சு இப்படித்தான். ஒரே அறையில் இருந்துகொண்டு மூன்றாம் மனிதர் வழியாகப் பேசுவார்கள். பதிப்பாளர் தபால்பெட்டி மாதிரி நடுவில் நிற்பார்.

"எழுதறதுக்கு என்ன, ரெண்டு பேரா. படத்தை மாத்தறதுன்னா சும்மாவான்னு கேளுங்க."

"அது யாரோட முகம்னு கேளுங்க சார்."

"என்ன முகம்?" என்றார் பதிப்பாளர், நிஜமாகவே புரியாமல்.

"பேசாதடி" என்றாள் பெரியவள்.

தபால்பெட்டி உடைந்தது.

சின்னவள் எழுந்து, மேஜைமேல் இருந்த படக்கட்டிலிருந்து சாத்தானை உருவி எடுத்து நடுவில் போட்டாள். கருங்கல் சிம்மாசனத்தில், தலையில் இரண்டு கொம்போடு, பாதாள ராஜா. காலடியில் சங்கிலியில் கட்டப்பட்ட ஒரு பெண். அவன் புருவங்களுக்கு நடுவே ஒரு வெட்டு. இடது காதின் மேல்நுனி, புத்தகத்தில் அடையாளத்துக்குப் பக்கத்தை மடித்து வைத்த மாதிரி முன்னால் மடிந்திருந்தது.

"இந்தக் காது உலகத்துல ஒருத்தனுக்குத்தான் இருக்கு. உன் மாப்பிள்ளைக்கு."

"எனக்கு மாப்பிள்ளை கிடையாது. தோண்டறவன் ஒருத்தன் இருக்கான். பூமிக்கு அடியில ரயிலுக்குக் குழி தோண்டறவன். என் பொண்ணையும் அந்தக் குழிக்குள்ள இழுத்துட்டுப் போனவன்."

"இழுத்துட்டுப் போகலை. அவ தன் கால்ல நடந்து போனா. நான் பக்கத்துல நின்னேன்."

"நின்னே இல்ல? சாட்சிக் கையெழுத்துப் போட்டே இல்ல? பெத்தவ இங்க சாதம் வடிச்சு வெச்சிட்டு வாசலைப் பாத்துட்டு உக்காந்திருக்கேன், நீ அங்க பேனாவைத் திறக்கறே. உனக்கு வெக்கமா இல்லை?"

"உன்கிட்ட சொல்லியிருந்தா விட்டிருப்பியா?"

"விட்டிருக்க மாட்டேன்!"

"அதான் சொல்லலை."

பதிப்பாளர் கண்ணாடியின் இரண்டு பக்கமும் துடைத்து முடித்து, மூக்குத்தண்டைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"அக்கா, நீ என்ன வேணா திட்டு. ஆனா இது அச்சாகி நாலு ஊருக்குப் போகும். யார் யாரோ கையில எடுத்துப் பாப்பாங்க. சாத்தான்னா என்ன பொருள்? அடிமைத்தனம், பேராசை, ஏமாத்து. அந்தப் பையன் யாரை ஏமாத்தினான்? கிரேக்கக் கதையிலகூட ஹேடீஸ் சாத்தான் கிடையாது. செத்தவங்க வீட்டைக் காவல் காக்கறவன், அவ்வளவுதான். பட்டியல்ல பான்னுதானே போட்டுக் குடுத்தேன்? உன் ஆத்திரத்துக்கு என் பட்டியலை ஏன் வளைச்சே?"

"ஆமாடி, ஆத்திரம்தான். ஆத்திரப்படறதுக்கு உன்கிட்ட அனுமதிச் சீட்டு வாங்கணுமா? என் வீடு காஞ்சு கிடக்கு. ஒரு தட்டு, ஒரு டம்ளர், ஒரு தலையணை. அதுக்குக் காரணமானவனுக்குக் கொம்பு வரைஞ்சா உனக்கு வலிக்குதா?"

"உனக்கு வீடு காஞ்சா ஊரெல்லாம் காயணுமா?"

பெரியவளுக்குச் சுருக்கென்றது. பழைய குரல் ஒன்று மூலையிலிருந்து எழுந்த மாதிரி இருந்தது. அது சின்னவள் குரல் அல்ல. ஐந்து வயதுக் குரல். அதைக் கேட்க அவளுக்கு மனமில்லை. கேட்காமல் இருக்க ஒரே வழி இன்னும் உரக்கக் கத்துவது.

"ஒரு கோடுகூட மாத்த மாட்டேன். மாத்தணும்னா இத்தனை படத்தையும் கட்டித் தூக்கிட்டுப் போயிடுவேன். நீங்க உங்க புத்தகத்தை மட்டும் அச்சடிச்சுக்குங்க. படமில்லாத சீட்டை வெச்சு ஜனங்க விசிறிக்கட்டும்!"

சொன்னதோடு நிற்கவில்லை. படங்களை அள்ளி அட்டைப்பைக்குள் அடுக்கி, நாடாவை இழுத்துக் கட்ட ஆரம்பித்தாள். கீழே இயந்திரம் ஓடும் அதிர்வில் மேஜையில் இருந்த தண்ணீர் டம்ளர் நடுங்கியது. சின்னவள் முகம் வெளுத்தது. அவளும் மூன்று வருஷம் இதே வேலையாக இருந்தவள்தான். ஆனாலும் 'வேண்டாம்' என்று அவள் சொல்லவில்லை.

பதிப்பாளருக்குத்தான் குரல் வந்தது. "அம்மா, அம்மா, ஒரு நிமிஷம். எடுத்துட்டுப் போறதானாலும் இதையும் பாத்துட்டுப் போங்க. பின்பக்கப் படத்துல ஒரு சின்னத் தப்பு."

பெரியவளின் கை நின்றது. "தப்பா? என் படத்துலயா?"

சீட்டின் பின்பக்கம் என்பது விளையாட்டுக் காரியம் அல்ல. டாரட்டில் நேராக வந்தால் ஒரு பொருள், தலைகீழாக வந்தால் வேறு பொருள். திருப்பிப் பார்க்கும்வரை எது நேர், எது தலைகீழ் என்று யாருக்கும் தெரியக்கூடாது. அதனால் பின்பக்கப் படம் எப்படித் திருப்பினாலும் மயிரிழை பிசகாமல் ஒன்றுபோல் இருக்கவேண்டும். பெரியவள் அதற்கு இரண்டாகப் பிளந்த மாதுளையை வரைந்திருந்தாள். பாதாளத்தில் அந்த மகள் தின்ற பழம். மேலே பாதி, கீழே பாதி, விதைக்கு விதை ஜோடி. அதை முடிக்க அவளுக்கு ஒரு மாதம் பிடித்தது.

பதிப்பாளர் படத்தை நேராக வைத்தார். பிறகு தலைகீழாகத் திருப்பி வைத்தார். "இந்த ஓரத்து விதையைப் பாருங்க. இங்க சிவப்பு. அந்தப் பக்கத்துல இதோட ஜோடி வெளுத்து, கரைஞ்ச மாதிரி. சீட்டு வெட்டறவர்தான் கண்டுபிடிச்சார். இப்படியே போனா பின்பக்கத்தைப் பாத்தே எல்லாரும் சொல்லிடுவாங்க."

பெரியவள் படத்தைப் பிடுங்கி ஜன்னல் வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தாள். தன் தப்பைத் தேடும் பார்வை அல்ல அது; அடுத்தவர் தப்பைத் தேடும் பார்வை.

"இது என் கை இல்லை. தண்ணி. இதுல ஒரு சொட்டுத் தண்ணி விழுந்திருக்கு. உங்க ஆளுங்க டீயைக் கொட்டினாங்களா?"

"இங்க வரும்போதே அப்படித்தான் இருந்துச்சும்மா."

"என் ரூம்ல தண்ணி எங்கேர்ந்து வரும்? முன்னாடி கூரை ஒழுகும். வாடகை வாங்கற வீட்டுக்காரர் சரி பண்ணி எத்தனையோ மாசமாச்சு. அந்த மனுஷன் வாழ்க்கையிலேயே பண்ணின ஒரே நல்ல காரியம் அது. நான் போய் நன்றிகூட சொல்லிட்டு வந்தேன்."

சின்னவள் சிரித்தாள். சந்தோஷச் சிரிப்பு அல்ல. "அவர் வாங்கிக்கிட்டாரா, நன்றியை?"

"'பரவாயில்லைம்மா'ன்னார். ஏன்?"

"சார்," என்றாள் சின்னவள், "நீங்க போய்ச் சாப்பிடுங்க."

பதிப்பாளருக்கு அதைவிட இனிய சொல்லை யாரும் சொல்லியிருக்க முடியாது. கதவருகே நின்று, "எதைத் திருத்தினாலும் இந்தத் தட்டுல வெச்சிடுங்க. தட்டுல இருக்கறதை அப்படியே மறுபடி ஸ்கேன் எடுத்துடுவாங்க. எடுத்துட்டுப் போறதானா... உங்க இஷ்டம்" என்று சொல்லிவிட்டுப் படியிறங்கினார். சாப்பாட்டு நேரம் என்று இயந்திரமும் நின்றது. திடீரென்று வந்த அமைதியில் அக்காளும் தங்கையும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"வீட்டுக்காரர் உன் மாடிப்படியைக்கூட ஏறிப் பாத்ததில்லை" என்றாள் சின்னவள். "நீ ஆஸ்பத்திரியில பித்தப்பைக் கல்லுக்குப் படுத்திருந்தே. அந்த வாரம் மழை எப்படிக் கொட்டிச்சுன்னு உனக்குத் தெரியாது. படத்தைப் பாத்து எழுதலாம்னு நான் உன் ரூமைத் திறந்தா, காத்துல ஒரு தகரம் தூக்கிக்கிட்டு ஆடுது. தண்ணி நேரா படம் வெச்சிருக்கற மேஜைக்குப் பக்கத்துல. எனக்குக் கை கால் ஓடலை. கடுகுக்குப் போன் பண்ணினேன். அவ வேலையில இருந்தா. அவன் வந்தான்."

"யாரு?"

"நீ கொம்பு வெச்சவன்."

பெரியவள் கையில் இருந்த மாதுளைப் படத்தை மேஜைமேல் வைத்தாள்.

"ராத்திரியெல்லாம் சுரங்கத்துல வேலை பாத்துட்டு வந்து தூங்கிட்டிருந்தவன். அப்படியே எழுந்து வந்தான். முதல்ல சட்டையைக் கழட்டிப் படத்து மேல போர்த்தினான். அதுக்கு முன்னாடியே அந்த மாதுளை மேல ஒரு சொட்டு விழுந்திருக்கும்போல, நான் கவனிக்கலை. அப்புறம் ஒரு ஸ்டூல் மேல ஏறி அந்தத் தகரத்தை ரெண்டு கையாலயும் பிடிச்சு இழுத்து வெச்சுக்கிட்டு நின்னான். விட்டா பிச்சுக்கிட்டுப் போயிடும். முட்டுக் குடுக்க ஒரு கட்டைகூட இல்லை. மழை விடற வரைக்கும் நின்னான்க்கா. தண்ணி கை வழியா இறங்கி முதுகுல ஓடுது, கை ரெண்டும் நடுங்குது, 'சித்தி, படம் நனையுதா பாருங்க, படம் நனையுதா பாருங்க'ன்னு அதையேதான் கேட்டான். மறுநாள் வந்து ஆணி அடிச்சுத் தார் பூசிட்டுப் போனான்."

"பொய் சொல்றே."

"நான் பொய் சொன்னதில்லை. சொல்லாம இருந்திருக்கேன். ரெண்டும் ஒண்ணில்லை."

"படத்தைப்..." பெரியவள் அட்டைப்பையை ஓங்கி அறைந்தாள். அது வருத்தம் இல்லை, அப்போதும் கோபம்தான். இப்போது யார் மேல் என்றுதான் தெரியவில்லை. "அந்தச் சாத்தான் படத்தைப் பாத்தானா?"

"மாதுளைக்குப் பக்கத்துல அதுதானே இருந்துச்சு? பாத்தான். கொஞ்ச நேரம் பாத்தான். தன் காதைத் தொட்டுப் பாத்துக்கிட்டான். அப்புறம் சிரிச்சான். 'அத்தை என்னை ரெண்டு தடவைதான் பாத்திருப்பாங்க. காதைக் கரெக்டா பிடிச்சிட்டாங்களே'ன்னான்."

"அத்தைன்னா சொன்னான்?"

"வேற என்னன்னு சொல்வான்? கடுகுகிட்ட சொல்ல வேண்டாம், அவ அழுவான்னு கேட்டுக்கிட்டான். உன்கிட்டயும் சொல்ல வேண்டாம்னான். கூரை தச்சதுக்காக நீ அவனை வீட்டுக்குள்ள விட்டதா இருக்கக் கூடாதாம். நீயே ஒருநாள் மாத்திடுவேன்னு நானும் வாயை மூடிட்டு இருந்தேன். இன்னிக்கு ப்ரூஃப்ல அதே காது." சின்னவள் தன் காகிதங்களைப் பையில் திணித்தாள். "இப்ப எடுத்துட்டுப் போ. எல்லாத்தையும் எடுத்துட்டுப் போ. எனக்கும் கோபம் வரும்க்கா. உனக்கு மட்டும்தான் பட்டா போட்டுக் குடுத்திருக்கா?"

கதவு அறைந்தது. செருப்புச் சத்தம் படியில் இறங்கித் தேய்ந்தது.

பெரியவள் நாடா கட்டிய அட்டைப்பையின் முன்னால் நின்றாள். முதலில் வீட்டுக்காரர்மேல் கோபம் வந்தது. வெட்கமில்லாமல் 'பரவாயில்லைம்மா' என்றாரே! அப்புறம் தங்கைமேல். அப்புறம், யாரைக் கேட்டுக்கொண்டு என் கூரையைத் தாங்கினான் என்று அவன்மேல். கேட்டுச் செய்திருந்தால் விரட்டியிருக்கலாம். கெட்டவனாகவே இருந்திருந்தால் எவ்வளவு வசதி! ஒன்றரை வருஷமாகப் பார்த்துப் பார்த்துக் கட்டிய கோபம். ஒரு தகரத்தைப் பிடித்துக்கொண்டு நின்றே அதன் அஸ்திவாரத்தை உருவிவிட்டானே!

கோபத்துக்குக் கடவுள் கண்ணைக் கொடுக்கவில்லை. கையை மட்டும்தான் கொடுத்திருக்கிறார். கண்ணை நாம்தான் கொடுக்கவேண்டும்.

அவள் நாடாவை அவிழ்த்தாள். அது சிக்கிக்கொண்டது, பல்லால் கடித்து இழுத்தாள். பையிலிருந்து வண்ணப்பெட்டியை எடுத்தாள். மேஜையில் இருந்த டம்ளர் தண்ணீரிலேயே தூரிகையை நனைத்தாள்.

முதலில் விதை. அது சுலபம். கரைந்த இடத்தில் சிவப்பு வைத்து, ஒரு ஓரத்தில் வெளிச்சம் வைத்தாள். இப்போது எப்படித் திருப்பினாலும் மாதுளை ஒன்றுதான்.

பிறகு சாத்தான். ஈரத் தூரிகையை அந்த முகத்தின்மேல் வைத்ததும், நீர்வண்ணமாதலால் புருவத்து வெட்டு இளகிக் கரைந்தது. சப்பை மூக்கு வந்தது, ஆட்டுத்தாடி வந்தது, நீளமாக ஆட்டுக்காது வந்தது. ராஜாவின் அங்கிக்குக் கீழே இரண்டு குளம்புகளை எட்டிப்பார்க்க வைத்தாள். கையில் இருந்த செங்கோலை துண்டு துண்டாக வெட்டிக் குழலாக்கினாள். பட்டியலில் தங்கை எழுதியிருந்த பான் வந்து உட்கார்ந்துகொண்டு இளித்தான். "இளி, நல்லா இளி" என்று அவனைத் திட்டினாள். யாரையாவது திட்டவேண்டியிருந்தது.

இவ்வளவோடு போயிருக்கலாம். படம் புத்தகத்தோடு பொருந்திவிட்டது. பதிப்பாளருக்கு நிம்மதி, தங்கைக்கு ஜெயம்; கேட்டதெல்லாம் கொடுத்தாயிற்று.

அவள் உட்கார்ந்து, கட்டைப் புரட்டி, கோல்கள் பத்தை எடுத்தாள்.

தலை குனிந்து, முடி மூடி, வானத்துக்கு அடியில் அட்லஸ் நின்றுகொண்டிருந்தான். சரிந்து கிடந்த முடியை ஈரத் தூரிகையால் ஒதுக்கினாள். தலைவலிக்காரக் குழந்தையின் நெற்றி முடியை ஒதுக்குகிற மாதிரி அது இருந்தது. அதற்காகவும் அவளுக்கு எரிச்சல் வந்தது. அந்த முகத்தை அவள் பார்த்தது இரண்டே தடவை. இரண்டு தடவையும் பார்க்கக்கூடாது என்றே பார்த்தது. ஆனாலும் கை மறக்கவில்லை. புருவ நடுவில் வெட்டு வந்தது. தூக்கக் கலக்கம் போகாத கண் வந்தது. தண்ணீர் வழிந்த கன்னம் வந்தது. கடைசியாக, மேல்நுனி முன்னால் மடிந்த இடது காது.

முகம் வந்துவிட்டது. இத்தனை மாதமாக வராத முகம்.

கடுகு இதை என்றைக்காவது கடையில் வாங்கிப் பார்ப்பாளா, தெரியாது. பார்த்தாலும் சொல்லமாட்டாள். அவனும் சொல்லமாட்டான். அந்த வீட்டில் சொல்லாமல் இருக்கத் தெரிந்தவர்கள்தான் எல்லாரும்.

"வயல் ஒரு தப்பும் பண்ணலைடி" என்றாள் பெரியவள், ஆளில்லாத அறையில். குரல் கடுகடுவென்றுதான் இருந்தது.

கீழே யாரோ கை கழுவும் சத்தம் கேட்டது. அவள் படத்தின்மேல் ஊதி ஊதி ஈரத்தைக் காயவைத்தாள். மாதுளையைத் தட்டில் வைத்தாள். அதன்மேல் மருமகனை வைத்தாள். அவன் மேல், யார் வந்தாலும் முதலில் கண்ணில் படும்படியாக, ஆட்டுக்காது சாத்தானை வைத்து மூடிவிட்டு, தூரிகையைக் கழுவப் போனாள்.